பூனையைக் குளிப்பாட்டலாமா?

வீட்டில் வளரும் பூனையை எத்தனை நாட்களுக்கு ஒரு முறை குளிப்பாட்டுவது? நாய் வளர்ப்போர் கேட்கும் இக்கேள்வியைப் பூனை வளர்ப்போரும் கேட்கின்றனர். சிற்றூர்களில் சுற்றிவரும் கால்நடை ஊழியரிடமோ, பிராணிகளைப் பற்றிப் பாடம் நடத்தும் ஆசிரியரிடமோ இக்கேள்வி வரும்போது, வாரத்துக்கு ஒரு முறை என்றோ மாதத்துக்கு ஒரு முறை என்றோ ஒரு கணக்கைச் சொல்லிவிடுவது எளிது. ஆனால் அத்தகைய கணக்கு எதுவும் பூனைக்குப் பொருந்தாது. உடல்நலத்தோடு இருக்கும் குட்டை உரோமப் பூனையை அதன் ஆயுள் முழுவதும் ஒரு முறையேனும் குளிப்பாட்டாமல் இருந்தாலும் குறை ஒன்றும் நேர்வதில்லை. நம் நாட்டு வீடுகளில் எலிக்காகவும் அன்புக்காகவும் வளர்க்கப்பெறும் சாதாரணப் பூனைகள் இவ்வகையைச் சேர்ந்தவையே.

எனினும், குளிப்பாட்டியே தீரவேண்டிய வேளைகள் சில உண்டு. மண்ணெண்ணெய்ப் பாத்திரத்தைத் தட்டிவிட்டு அதில் நனைந்த பூனை, மோட்டார் வண்டியின் அடியில் உறங்கி எஞ்சின் எண்ணெயில் தோய்ந்த பூனை, எலி பிடிக்க வைத்த பசை அட்டையில் ஒட்டிக்கொண்ட பூனை, ஹோலிப் பண்டிகையன்று தெருவில் இறைத்த சாயத்தைப் பூசிக்கொண்டு வீடு திரும்பும் பூனை ஆகியவற்றை அப்படியே விட்டுவிட இயலாது. இவ்வேளைகளில் வாளாவிருந்தாலும் பூனைக்குத் தீங்கு. தவறான பொருளைக் கொண்டு கழுவினாலும் தீங்கு. இரண்டுக்கும் அடிப்படை ஒன்றே. பூனையின் உரோமத்தில் படும் பொருள் எதுவாயினும் சிறிது நேரத்தில் அதன் வயிற்றுக்குள் சென்றுவிடும்.

நாவின் வேலை

பூனை தான் விழித்திருக்கும் நேரத்தில் ஏறத்தாழக் கால் பங்கைத் தன் உடலை நக்கித் துப்புரவு செய்வதிலேயே செலவிடுகிறது. அதன் நாவைத் தொட்டவர்கள் அதன் சொரசொரப்பை அறிவர். உள்நோக்கி வளைந்த சிறு முட்கள் நாவின் மேற்பரப்பில் வரிசை வரிசையாக உள்ளன. நம் நகத்தில் உள்ள கெராட்டின் என்னும் பொருளாலேயே இவையும் ஆனவை. இம்முட்கள் திண்ணிய கூம்புகள் என்றே நெடுங்காலம் எண்ணப்பட்டு வந்தது. 2018ஆம் ஆண்டில் அமெரிக்காவின் ஜார்ஜியா தொழில்நுட்பக் கழகத்தைச் சேர்ந்த அலெக்ஸிஸ் நோயல், டேவிட் ஹூ என்னும் இருவர், வீட்டுப் பூனை முதல் புலி, சிங்கம் வரை ஆறு பூனையினங்களின் நாவை ஆராய்ந்து, ஒவ்வொரு முள்ளின் நுனியிலும் கரண்டி போன்ற குழிவு ஒன்று இருப்பதைக் கண்டனர். மைப்பேனாவின் முள் மையைத் தானே இழுத்துக்கொள்வது போல, இக்குழிவு வாயிலுள்ள உமிழ்நீரை இழுத்து நிறுத்திக்கொண்டு, உரோமத்தின் அடிவரை கொண்டுபோய் விடுகிறது. நீரின் பரப்பு இழுவிசையை மாணவர்களுக்கு விளக்க விரும்பும் ஆசிரியருக்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டுக் கிடைப்பது அரிது.

இதனால் விளையும் நன்மை துப்புரவு மட்டுமன்று. பூனைக்குப் பாதங்களில் மட்டுமே குறிப்பிடத்தக்க அளவில் வியர்க்கும். உரோமத்தில் பூசிய உமிழ்நீர் ஆவியாகும்போது உடல் குளிர்கிறது. உடல் வெளிவிட வேண்டிய வெப்பத்தில் கால் பங்கு வரை இவ்வழியே வெளியேறக்கூடும் என்று அவ்வாராய்ச்சி மதிப்பிட்டது. வட இந்தியக் கோடையில் வெப்பம் 45 டிகிரியைத் தொடும் நாட்களில் பூனை இடைவிடாது நக்கிக்கொண்டிருப்பதன் உட்பொருள் இதுதான். அப்பொழுது அதனைப் பிடித்து நீரில் அமிழ்த்த வேண்டிய அவசியமில்லை. நிழலும், மண்பாத்திரத்தில் குடிநீரும், படுப்பதற்குக் குளிர்ந்த தரையும் இருந்தால் போதும். ஆனால் பூனை வாயைத் திறந்து இரைத்துத் தள்ளாடுமாயின் அது வெப்பத் தாக்குதல். உடனே நிழலுக்குக் கொண்டுவந்து, பனிக்கட்டியில்லாத சாதாரண நீரால் உடலை நனைத்து, விசிறியபடியே கால்நடை மருத்துவரிடம் கொண்டுசெல்ல வேண்டும்.

நகரங்களில் இப்பொழுது மிகுதியாகக் காணப்பெறும் பாரசீகப் பூனையின் நிலை வேறு. அதன் நீண்ட, அடர்ந்த உரோமத்தை நாவின் முட்களால் அடிவரை ஊடுருவ இயலவில்லை என்பதும் மேற்கூறிய ஆராய்ச்சியில் தெரியவந்தது. எனவே அதன் உரோமம் எளிதில் சிக்குண்டு சடையாகிவிடுகிறது. நாள்தோறும் சீப்பினால் வாரிவிடுவதே இதற்கு முதல் மருந்து. வாரிவிடும் பழக்கமுள்ள வீட்டில் பாரசீகப் பூனைக்கும் குளியல் அரிதாகவே தேவைப்படும். சடை விழுந்தபின் நீரூற்றுவதோ சிக்கலை இன்னும் இறுக்கும்.

ஆஸ்துமா உள்ள குழந்தைகள் இருக்கும் வீட்டில் பூனையைக் குளிப்பாட்டினால் நோய் தணியும் என்று சிலர் கருதுகின்றனர். இக்கருத்தில் ஓரளவு உண்மை உண்டு. ஒவ்வாமையை விளைக்கும் முக்கியப் புரதம் பூனையின் உமிழ்நீரிலும் தோலின் எண்ணெய்ச் சுரப்பிகளிலும் உண்டாகி, உரோமத்தில் படிந்து காற்றில் பரவுகிறது. குளிப்பாட்டினால் அது குறையும். ஆயினும் 1997இல் வெளியான ஓர் ஆய்வின்படி, இக்குறைவு ஒரு வாரம்கூட நிலைப்பதில்லை. ஒரு வாரப் பயனுக்காகப் பூனையையும் குழந்தையையும் துன்புறுத்துவதைக் காட்டிலும், குழந்தை உறங்கும் அறைக்குள் பூனையை விடாதிருப்பது மேல்.

நஞ்சாகும் சவுக்காரம்

நம் வீடுகளில் துப்புரவுக்கும் மருந்துக்கும் பயன்படும் பொருள்கள் பல மனிதருக்கும் நாய்க்கும் தீங்கு செய்வதில்லை, பூனைக்கோ நஞ்சாகின்றன. இதன் காரணம் பூனையின் கல்லீரலில் உள்ளது. உடலில் புகுந்த வேண்டாத இரசாயனப் பொருள்களைக் குளுக்குரோனிக் அமிலத்தோடு இணைத்து, நீரில் கரையும்படி செய்து, சிறுநீர் வழியே வெளியேற்றுவது கல்லீரலின் வேலைகளுள் ஒன்று. இவ்வேலையைச் செய்யும் என்ஸைம்களுள் முக்கியமான ஒன்று பூனையின் உடலில் உருவாவதேயில்லை. அதனை உருவாக்க வேண்டிய ஜீன் பூனையிடம் சிதைந்து பயனற்றுக் கிடக்கிறது என்று மைக்கேல் கோர்ட், டேவிட் கிரீன்பிளாட் என்னும் அமெரிக்க ஆராய்ச்சியாளர்கள் 2000ஆம் ஆண்டில் காட்டினர். சிங்கம், சிறுத்தை முதலிய பிற பூனையினங்களுக்கும் இக்குறை உண்டு என்பது 2011இல் வெளியிடப்பட்டது. தலைமுறை தலைமுறையாக ஊன் மட்டுமே உண்டு வாழ்ந்த இக்குடும்பத்துக்குத் தாவரங்களிலுள்ள நச்சுப் பொருள்களைச் சிதைக்கும் தேவை குறைந்துபோனதால், அந்த ஜீன் கெட்டபோதும் இழப்பொன்றும் நேரவில்லை என்று விளக்கம் கூறுவர். காட்டில் நேராத இழப்பு, மனிதனுடைய குளியலறையில் நேர்கிறது.

பினாயில் முதலிய பீனால் கலந்த திரவங்கள் இவ்வகையில் மிகக் கொடியவை. காயம் துடைக்க நாம் நீரில் கலந்து பயன்படுத்தும், வாசனையுள்ள பழுப்புநிறக் கிருமிநாசினிகளில் உள்ள குளோரோசைலினாலும் பீனால் இனத்தைச் சேர்ந்ததே. 'கிருமி சாகட்டும்' என்று குளிக்கும் நீரில் இதனை ஒரு மூடி கலப்போர் பலர். பூனை பின்னர் தன் உடலை நக்கும்போது அதன் வாயும் தொண்டையும் புண்ணாகும். அளவு மிகுந்தால் கல்லீரலும் கெடும். சொறிக்காக மனிதர் பூசிக்கொள்ளும் பென்ஸைல் பென்ஸோயேட், கற்பூரம், யூகலிப்டஸ் தைலம், டீட்ரீ தைலம் ஆகியவையும் விலக்கத்தக்கவை. இயற்கைப் பொருள் என்பதால் வேப்பெண்ணெயைத் தயங்காமல் பூசுவோர் உண்டு. நீர்க்காத வேப்பெண்ணெயால் பூனைகளுக்கு நடுக்கமும் வலிப்பும் கண்ட நிகழ்ச்சிகள் பதிவாகியுள்ளன. சீயக்காய் நஞ்சன்று என்றாலும், கண்ணில் பட்டால் எரிவதாலும் அதன் தூள் உரோமத்தில் தங்கிவிடுவதாலும் பூனைக்கு ஏற்றதன்று.

உண்ணி, தெள்ளுப்பூச்சி ஆகியவற்றுக்காக நாய்க்கென விற்கும் மருந்துகளைப் பற்றித் தனியே சொல்ல வேண்டும். இவற்றுட் பலவற்றில் பெர்மெத்ரின் என்னும் பூச்சிக்கொல்லி செறிவாகக் கலந்துள்ளது. நாயின் முதுகில் விடும் சில துளிகளைப் பூனையின் முதுகில் விட்டால், சில மணி நேரத்திலேயே அதன் காதுகளும் தசைகளும் துடிக்கத் தொடங்கி, வலிப்பு ஏற்பட்டு, பூனை இறந்துபோதலும் உண்டு. 'நாய்க்குப் பாதி அளவு, பூனைக்குக் கால் அளவு' என்று கணக்கிட்டுக் கொடுப்பது பெருந்தவறு. அம்மருந்து தவறிப் பட்டுவிட்டால், பாத்திரம் துலக்கும் மென்மையான திரவச் சோப்பையும் வெதுவெதுப்பான நீரையும் கொண்டு உடனே கழுவி, மருந்துப் புட்டியையும் உடன் எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் விரைய வேண்டும். நீர் சூடாக இருத்தல் கூடாது. சூட்டினால் தோலின் இரத்தக் குழாய்கள் விரிந்து நஞ்சு மேலும் உட்புகும்.

எண்ணெயும் பசையும் சாயமும்

வர்ணமோ தாரோ பட்ட பூனையை மண்ணெண்ணெயாலும் டர்பென்டைனாலும் துடைப்பது நம்மிடையே பரவலாக உள்ள வழக்கம். கதவில் பட்ட வர்ணத்துக்கு இது சரி, பூனைக்குச் சரியன்று. இவை தோலைப் பொசுக்கும். நக்கும்போது நுரையீரலுக்குள் புகுந்து கடுமையான சுரத்தை விளைக்கும். ஆதலின், மண்ணெண்ணெயை நக்கிய பூனையை வாந்தியெடுக்கச் செய்தலும் கூடாது.

முதலில் செய்ய வேண்டியது நக்குவதைத் தடுப்பது. தலை மட்டும் வெளியே தெரியுமாறு பூனையைத் தடித்த துண்டால் சுற்றிவிட்டால் வேலைக்கு அவகாசம் கிடைக்கும். எண்ணெய்ப் பொருள் பட்டிருந்தால், சோளமாவையோ மைதா மாவையோ அதன் மேல் தூவி, அது எண்ணெயை உறிஞ்சியபின் துடைத்தும் வாரியும் எடுத்துவிட்டு, எஞ்சியதைத் திரவச் சோப்பால் கழுவலாம். பசை அட்டையில் ஒட்டிய பூனையை இழுத்தல் ஆகாது. தோலோடு உரோமம் பிய்ந்து வரும். சமையல் எண்ணெயைப் பசையின் ஓரங்களில் விட்டு, விரலால் மெல்லத் தேய்த்துக்கொண்டே வந்தால் பசை நெகிழும். தாருக்கும் இதுவே வழி. உலர்ந்து இறுகிய வர்ணத்தைக் கரைக்க முயலாமல், அப்பகுதி உரோமத்தைத் தோலில் படாமல் கத்தரித்துவிடுவது நலம். உரோமம் மீண்டும் வளரும். ஹோலிச் சாயப் பொடியை உலர்ந்த நிலையிலேயே தட்டியும் வாரியும் நீக்கியபின்பு கழுவ வேண்டும். முதலில் நீரை ஊற்றினால் சாயம் கரைந்து உரோமம் முழுவதும் பரவும். நஞ்சு பட்டது உறுதியாயின், கழுவியதோடு நில்லாமல் மருத்துவரிடமும் காட்ட வேண்டும்.

வீட்டில் செய்யும் முறை

மீன்பிடிப் பூனை என்பது மேற்கு வங்கத்தின் மாநில விலங்கு. சுந்தரவனத்துச் சதுப்புகளிலும் சிலிக்கா ஏரியைச் சுற்றியும் வாழும் அப்பூனை நீரில் இறங்கி மீன் பிடிக்கிறது. அதன் உள் உரோமம் நீர் எளிதில் தோலைத் தொடாதபடி அடர்ந்துள்ளது. வீட்டுப் பூனைக்கு அத்தகைய கவசம் இல்லை. அது ஆப்பிரிக்காவிலும் மேற்கு ஆசியாவிலும் வறண்ட நிலங்களில் வாழும் காட்டுப் பூனையிலிருந்து தோன்றியது. அதன் உரோமம் நீரை உறிஞ்சிக் கனத்துவிடும். உலர நெடுநேரம் ஆகும். அதுவரை உடலின் வெப்பம் குறைந்துகொண்டே போகும். அது நீருக்கு அஞ்சுவதை முரட்டுத்தனம் என்று எண்ணி அதட்டுவதால் பயனில்லை. எட்டு வாரம் நிறையாத குட்டிகளை நீரில் நனைத்தலே கூடாது. ஈரத் துணியால் துடைத்து உடனே உலர்த்த வேண்டும். நோயுற்ற பூனைக்கும், சினையாயிருக்கும் பூனைக்கும் மருத்துவர் சொன்னாலன்றிக் குளியல் வேண்டா.

குளிப்பாட்ட நேர்ந்தால், காற்று வீசாத நண்பகல் வேளையே ஏற்றது. அவசரமில்லாதபோது முதல் நாளே நகங்களின் கூரிய நுனியை மட்டும் நறுக்கி, உரோமத்தையும் வாரிவிடலாம். குளியலறையின் கதவையும் சன்னலையும் சாத்திவிட்டு, வேண்டிய யாவற்றையும் கைக்கெட்டும் தூரத்தில் வைத்துக்கொண்ட பின்னரே பூனையைக் கொண்டுவர வேண்டும். பாதி நனைந்த பூனையைப் பிடித்துக்கொண்டு துண்டைத் தேடுவது இயலாத காரியம்.

அகலமான தொட்டி ஒன்றின் அடியில் மடித்த சாக்கையோ ரப்பர் விரிப்பையோ பரப்புவது மிக முக்கியம். பூனையின் அச்சத்தில் பாதி நீரால் வருவதன்று, கால் வழுக்குவதால் வருவது. நகம் பதிய இடம் கிடைத்தால் அது பெரும்பாலும் நின்றுகொள்ளும். தொட்டியில் 8 முதல் 10 சென்டிமீட்டர் உயரத்துக்கு மேல் நீர் வேண்டா. பூனையின் உடல் வெப்பம் ஏறத்தாழ 38 முதல் 39 டிகிரி சென்டிகிரேடு. நீரும் 37, 38 டிகிரி அளவில் இருந்தால் சுடாது, குளிரவும் செய்யாது. வெப்பமானி இல்லாத வீட்டில், கைக்குழந்தையின் நீரைப் பார்ப்பது போல முழங்கையை விட்டுப் பார்க்கலாம். அலசுவதற்கு அதே வெப்பமுள்ள நீரை வேறு இரண்டு வாளிகளில் தயாராக வைத்திருத்தல் அவசியம். குழாயைத் திறந்துவிட்டுப் பீய்ச்சுவது ஆகாது; அதன் ஓசையே பூனையைக் கலைத்துவிடும்.

ஒருவர் பிடிக்க, மற்றொருவர் கழுவுவது நலம். பூனையின் முகம் பிடிப்பவரை நோக்காமல் எதிர்ப்புறம் இருக்கட்டும்; முன்கால்கள் தொட்டியின் விளிம்பைப் பற்றிக்கொள்ளலாம். பிடரியைக் கொத்தாகப் பற்றித் தூக்கினால் பூனை அடங்கிவிடும் என்பது பழைய பழக்கம். அச்சத்தால் விறைத்துப்போவதை அடக்கம் என்று கொண்டதன் விளைவே அது. இக்காலத்துப் பூனை மருத்துவர்கள் இப்பழக்கத்தை விலக்கிவிட்டனர். ஒரு கை மார்பின் கீழும், மற்றொரு கை தோளின் மேலும் மெல்லத் தாங்கியிருந்தால் போதும்.

சிறு செம்பினால் கழுத்துக்குப் பின்னிருந்து வால்வரை நீரை ஊற்ற வேண்டும். தலையில் ஊற்றக்கூடாது. முகத்தை ஈரத் துணியால் துடைத்தாலே போதும். காதுக்குள் நீர் இறங்கினால் சீழ் பிடிக்கக்கூடும். மூக்கு சப்பையான பாரசீகப் பூனைக்கு இயல்பிலேயே மூச்சு விடுவது எளிதன்று. அதன் மூக்கருகே நீர் வாராமல் காக்க வேண்டும். பூனைக்கென்று தயாரித்த ஷாம்புவைச் சிறிது நீரில் கலந்து, உரோமம் படிந்திருக்கும் திசையிலேயே தடவ வேண்டும். மனிதரின் தோல் சற்று அமிலத்தன்மை உடையது. பூனையின் தோல் ஏறக்குறைய நடுநிலையானது. எனவே நமக்கென்று செய்த ஷாம்பு அதற்கு ஒவ்வாது. பின்னர் அலசுதல். குளிப்பாட்டும் நேரத்தில் பெரும்பகுதியை இதற்கே செலவிட வேண்டும். ஓடும் நீரில் நுரை தெரியாமல், உரோமத்தைத் தேய்த்தால் வழவழப்பின்றி இருக்கும்வரை அலச வேண்டும். தங்கிய சோப்பு யாவும் பூனையின் வயிற்றுக்கே போகும் என்பது நினைவில் இருத்தற்குரியது.

காதுகள் பின்னோக்கிப் படிதல், வால் சுழற்றி அடித்தல், கண்மணி அகன்று விரிதல், உறுமல் ஆகியவை எச்சரிக்கைகள். இவற்றைக் கண்டபின் சற்று நிறுத்தி அமைதிப்படுத்த வேண்டும். வாயைத் திறந்து மூச்சு வாங்கத் தொடங்கினால், நஞ்சு பட்ட பூனையாக இருந்தாலன்றி, குளியலை அத்துடன் விட்டுவிட வேண்டும். உரோமத்தில் இருப்பது வெறும் சேறாயின் மறுநாள் உலர்ந்தபின் வாரி எடுத்துவிடலாம். பூனை அடங்குவதற்கென்று மனிதருக்குரிய தூக்க மாத்திரைகளைக் கொடுத்தல் கூடாது. குளித்தபின் உடல் சுடுகிறதென்று பாராசிட்டமால் கொடுப்பதும் கொலைக்கு ஒப்பானது. முன்னர்க் கூறிய கல்லீரல் குறையால் ஒரே மாத்திரைகூடப் பூனையின் இரத்தத்தைக் கெடுத்து உயிரைப் போக்கிவிடும்.

கடியும் கீறலும்

பூனையின் பற்கள் ஊசிபோல் ஒடுங்கியவை. வெளியே சிறு துளையாகத் தெரியும் கடி உள்ளே ஆழமாக இறங்கி, அதில் பாக்டீரியாக்களை விட்டுச்செல்லும். ஒரு நாளுக்குள் கை வீங்கிச் சிவந்துவிடுவதுண்டு. அதனினும் பெரிய கவலை வெறிநோய். இந்தியாவில் இந்நோய் பெரும்பாலும் நாய்க்கடியால் வருகிறது என்றாலும், நோயுற்ற நாயினிடமிருந்து பூனைக்கும், பூனையினிடமிருந்து மனிதருக்கும் அது பரவும். குளிப்பாட்டும்போது கடித்தது வீட்டுப் பூனைதானே என்று அசட்டையாக இருத்தல் தகாது. கடியையும் கீறலையும் உடனே ஓடும் நீரில் சோப்பிட்டுக் குறைந்தது 15 நிமிடம் கழுவ வேண்டும். மிளகாய்ப்பொடி, சுண்ணாம்பு, காப்பித்தூள் முதலியவற்றை அப்பக்கூடாது. அன்றே மருத்துவமனைக்குச் சென்று தடுப்பூசி பற்றி மருத்துவர் கூறுவதைப் பின்பற்ற வேண்டும். பூனைக்கு ஆண்டுதோறும் வெறிநோய்த் தடுப்பூசி போட்டிருந்தால் அந்த விவரத்தையும் தெரிவிக்கலாம். பள்ளிச் சிறுவர்கள் விளையாட்டாகத் தெருப்பூனைகளைக் குளத்திலும் தொட்டியிலும் இறக்குவதைத் தடுக்க, ஆசிரியருக்கு இது ஒன்றே போதிய காரணமாகும்.

பூனையின் தோலில் வட்ட வட்டமாக உரோமம் உதிர்ந்திருப்பது படர்தாமரையாக இருக்கலாம். இதுவும் மனிதருக்கு, சிறப்பாகக் குழந்தைகளுக்கு, ஒட்டக்கூடிய நோய். இதற்கு மருந்துக் குளியல் உண்டு. ஆனால் எம்மருந்து, என்ன அளவு, எத்தனை நாள் என்பவற்றை மருத்துவரே வகுக்க வேண்டும். செய்பவர் கையுறை அணிந்துகொள்வது நலம்.

குளியல் முடிந்ததும் உலர்ந்த துண்டால் ஒற்றி எடுத்து, அது நனைந்ததும் வேறு துண்டுக்கு மாற்ற வேண்டும். மின்சார உலர்த்தியின் சீற்றத்தைப் பெரும்பாலான பூனைகள் தாங்கமாட்டா. வெயில் விழும் சன்னலோரத்தில் விட்டு, விரும்பினால் நிழலுக்குச் செல்ல வழியும் வைத்தால் பூனை தன் உரோமத்தைத் தானே நக்கி ஒழுங்கு செய்துகொள்ளும். நன்றாக உலரும்வரை வெளியே விடலாகாது. வீட்டில் மற்றொரு பூனை இருந்தால் அதனைச் சிறிது நேரம் வேறு அறையில் வைத்திருப்பது நல்லது. குளித்த பூனையின் மேல் பழைய வாசனை இராது. உடன் வளர்ந்த பூனையே அதனைப் புதியதாகக் கருதிச் சீறிப் பாயும். இரண்டும் உறங்கும் பழைய துணியால் குளித்த பூனையை ஒருமுறை துடைத்துவிட்டு, அது உலர்ந்தபின் இரண்டையும் சேர்த்து விட்டால் இச்சண்டை பெரும்பாலும் எழுவதில்லை.